அண்ணை இருந்தபடியே இருக்கிறார்

வெள்ளவத்தை,
10.03.2024

அன்புள்ள அக்காவுக்கு,

உங்கள் முழங்கால் நோவு இறங்கியிருக்கும் என்று நம்புகிறேன். இங்கே வீட்டிலும் கடையிலும் குறையில்லை. ரெலிபோனில் உங்களுக்குப் பாதிதான் கேட்கிறது. மீதியை உங்கள் மகள் அனுஷியா வெட்டித் தைத்துச் சொல்லிவிடுகிறாள். ஆகவே எழுதுகிறேன். யாழ்ப்பாண பஸ்ஸில் கடைப் பொதிகளோடு ஏற்றிவிட்டால் விடியக் கோண்டாவிலில் உங்கள் கையில் இருக்கும்.

முதலில் நல்ல செய்தி. எங்கள் கோயில் திருவிழாவில் ஒரு நாள் உபயம் இந்த வருடம் எனக்குக் கிடைத்திருக்கிறது. மே 25. எத்தனையோ வருடம் ஆட்களைப் பிடித்துப் பார்த்தேன், இப்போதுதான் இடம் விட்டார்கள். மேளத்தோடு தட்டெடுத்துப் போய், சனத்துக்கு முன்னால் ஐயர் கையால் காளாஞ்சி மரியாதை வாங்குகிறவனிடம் கலியாணக் கூறைச் சாறி எடுக்க ஒருவரும் தயங்க மாட்டார்கள். பக்தி வேறு, வியாபாரம் வேறு என்று பிரித்துச் சொல்ல எனக்குத் தெரியாது.

அன்றைக்கு யதுஷா பதிகம் பாடுவாள். பன்னிரண்டு வயதுக்கு நல்ல குரல். ஆனால் ஞாயிற்றுக்கிழமை அறநெறி வகுப்புக்குப் போகத் தொடங்கியதிலிருந்து எனக்குக் கரைச்சல். போன கிழமை கடையில் ஒரு தாய்க்கும் மகளுக்கும் சாறி விரித்துக் காட்டி, "இது அசல் காஞ்சிபுரம்" என்றேன். பக்கத்தில் நின்றவள், "அப்பா, இது சூரத்திலையிருந்து வந்த பெட்டியெல்லோ, நானும்தானே உடைச்சனான்" என்கிறாள். தாய் சிரித்தா. சிரித்துக்கொண்டே பக்கத்துக் கடைக்குப் போய்விட்டா.

அண்ணைக்குத் தை மாதம் பாரிசவாதத்தில் இழுத்த வலப்பக்கம் இன்னும் சரியில்லை. எங்கள் பின் அறையில்தான் இருக்கிறார். இடக்கையால் யதுஷாவோடு டாம் பலகையில் விளையாடி அவளை வெல்கிறார். "எனக்குப் பேரப்பிள்ளை இல்லை. நான் செத்தால் பெட்டிக்குப் பக்கத்திலை நெய்ப்பந்தம் நீதான் பிடிக்கோணும்" என்று கேட்க, அவளும் கையடித்துக் கொடுத்திருக்கிறாள். கலியாணம் கட்டாத மனுசருக்கு இப்படி ஒரு கவலை.

அத்தானுக்கும் அனுஷியாவுக்கும் என் அன்பைச் சொல்லுங்கள்.

தம்பி,
ஸ்ரீஸ்கந்தராசா

---

கோண்டாவில்,
02.04.2024

அன்புத் தம்பிக்கு,

நீயும் பிள்ளையும் பெண்சாதியும் நோய்நொடி இல்லாமல் இருக்க முருகன் துணை. என் முழங்கால் மழைக்கு முறைப்பாடு செய்கிறது, மற்றபடி நடமாடுகிறேன்.

உபயம் கிடைத்தது எங்கள் அப்பா செய்த புண்ணியம். ஆனால் சுத்தபத்தம் முக்கியம். எங்கள் ஒழுங்கையில் ஒருவர், தமையன் செத்து முப்பத்தொரு நாள் துடக்குக் கழிய முதல் கோயிலுக்குள் கால் வைத்தார். அந்த வருடம் தேர் அச்சு முறிந்தது. கண்ணால் கண்டது. யதுஷாவுக்கும் இதை வாசித்துக் காட்டு.

பிள்ளை கடையில் சொன்னதில் ஒரு பிழையும் இல்லை. பொய் ஒரு தரம் நாக்கில் ஏறினால் இறங்காது. அவளை ஏசாதே. யதுஷாக்குட்டி, நீ எதைக் கண்டாலும் மாமிக்கு எழுது. மாமியிடம் ஒளிக்க ஒன்றுமில்லை.

அண்ணையைப் பார்க்க வேண்டும் போல் இருக்கிறது. அம்மா போன பிறகு என் தலையை இழுத்துப் பின்னிப் பள்ளிக்கூடம் அனுப்பினது அவர்தான். நீ அப்போது தவழ்கிற பிள்ளை, உனக்கு ஞாபகம் இருக்காது.

ஆசிகளுடன்,
அக்கா இரத்தினம்மா

---

வெள்ளவத்தை,
04.05.2024

அன்புள்ள அக்காவுக்கு,

சுகமாயிருப்பீர்கள் என்று நினைக்கிறேன். பதில் பிந்திவிட்டது. அண்ணைக்குத் திரும்ப ஒருதரம் இழுத்துவிட்டது. களுபோவில ஆஸ்பத்திரியில் வைத்திருக்கிறோம். நன்றாகப் பார்க்கிறார்கள். வாயில் கதை இல்லை, கண் திறக்கிறார். யதுஷா பள்ளி விட்டு நேரே அங்கே போய் அவர் காதுக்குள் பதிகம் பாடிக் காட்டுகிறாள்.

நீங்கள் இப்போது வரவேண்டாம். வந்தால் அழுவீர்கள், அழுதால் உங்களுக்குப் பிரஷர் ஏறும். திருவிழா முடியட்டும்.

எல்லோருக்கும் என் அன்பு.

ஸ்ரீஸ்கந்தராசா

---

கோண்டாவில்,
11.05.2024

அன்புத் தம்பிக்கு,

உங்கள் எல்லோரின் சுகத்துக்கும் பிரார்த்திக்கிறேன். உன் கடிதம் வாசித்ததிலிருந்து சோறு இறங்கவில்லை.

இங்கே அனுஷியாவின் கலியாணம் திடீரென்று கூடிவிட்டது. யூன் 12 நாள். மாப்பிள்ளை சுவிஸிலிருந்து லீவில் வந்து நிற்கிறார், யூன் கடைசியில் திரும்புகிறார். நல்ல சனம், ஆனால் சகுனம் பார்க்கிற ஆட்கள். முந்திப் பெண் கேட்டுப் போன இடத்தில் பொம்பிளையின் பெரியம்மா செத்ததற்காகவே சம்பந்தத்தைக் குழப்பிவிட்டு வந்தவர்கள். கூறையை நீயே தெரிந்து அனுப்பு.

அதற்கிடையில் நான் ஒரு பஸ் ஏறி வந்து அண்ணையின் முகத்தைப் பார்த்துவிட்டு அடுத்த பஸ்ஸில் திரும்புகிறேன். அழமாட்டேன். தடுக்காதே.

அக்கா

---

வெள்ளவத்தை,
20.05.2024

அன்புள்ள அக்காவுக்கு,

நலமே. உங்கள் நலமும் அப்படியே இருக்கவேண்டும். அனுஷியாவின் கூறை இந்தப் பொதியில் இருக்கிறது. மாம்பழ மஞ்சளில் அரக்குக் கரை. இது மெய்யாகவே காஞ்சிபுரம், யதுஷாவைக் கேட்டுப் பாருங்கள்.

அண்ணை இருந்தபடியே இருக்கிறார். ஆஸ்பத்திரியில் ஆட்களை விடுகிறார்கள் இல்லை. நீங்கள் வந்தாலும் வாசலில் நின்று திரும்ப வேண்டியதுதான். கலியாண வீட்டு வேலையைப் பாருங்கள்.

உபய வேலை தலைக்கு மேல் இருக்கிறது. அதனால் சுருக்கமாக முடிக்கிறேன்.

ஸ்ரீஸ்கந்தராசா

---

வெள்ளவத்தை,
20.05.2024

அன்புள்ள மாமிக்கு,

நான் சுகம். நீங்கள் சுகமா? நீங்கள் எதைக் கண்டாலும் எழுதச் சொன்னபடியால் எழுதுகிறேன். இதைக் கூறைச் சாறியின் மடிப்புக்குள் வைக்கிறேன். அப்பாவுக்குத் தெரியாது.

பெரியப்பா நேற்று விடியச் செத்துப் போனார். நான் கையைத் தொட்டுப் பார்த்தேன். அப்பா உங்களுக்கு வேறு மாதிரி எழுதியிருப்பார். அவர் அம்மாவிடம் சொன்னது எனக்குக் கேட்டது: "திருவிழா முடியுமட்டும் அண்ணை சாகேல்லை. விளங்குதோ? சாகேல்லை."

பெரியப்பாவைக் கொட்டாஞ்சேனையில், செத்த ஆட்களை வைக்கிற ஒரு மலர்ச்சாலையில் வைத்திருக்கிறார்கள். அந்தப் பக்கம் எங்களைத் தெரிந்த ஆட்கள் இல்லை என்று அப்பா சொன்னார். ஊசி போட்டால் உடம்பு பழுதாகாதாம். பக்கத்தில் விளக்கு வைக்க ஒருவரும் இல்லை. ஆட்கள் கேட்டால், "ஆஸ்பத்திரியிலை இருக்கிறார், சுகம் வருது" என்று சொல்லவேண்டும். நான் நேற்று நாலு பேருக்குச் சொல்லிவிட்டேன்.

மாமி, நான் துடக்கோடு கோயிலில் பாடலாமா? நீங்கள் எழுதின மாதிரித் தேர் அச்சு முறிந்தால் அது என்னாலா, அப்பாவாலா? அப்பாவிடம் கேட்டேன். "சாமிக்குத் தெரியும்தானே" என்றேன். "தெரிஞ்சால் தெரியட்டும். அவர் போய் ஒருத்தருக்கும் சொல்லமாட்டார்" என்றார்.

நீங்கள் வந்தால் அப்பாவால் ஒளிக்க ஏலாது. செத்தவீடு ஒழுங்காக நடக்கும். நான் பந்தம் பிடிப்பதாகச் சொல்லியிருக்கிறேன். உடனே வாருங்கள். நீங்கள் வந்து அழுதால் போதும்.

அன்பு மருமகள்,
யதுஷா

---

கோண்டாவில்,
22.05.2024

அன்புத் தம்பிக்கு,

எல்லோரும் சுகமென்று நம்புகிறேன். கூறை வந்து சேர்ந்தது. மாப்பிள்ளையின் தாய் தடவிப் பார்த்து, "இப்பிடிப் பட்டு இப்ப ஆர் விக்கினம்" என்று கேட்டா. அனுஷியாவுக்கு முகம் மலர்ந்துவிட்டது.

சாறி மடிப்புக்குள் யதுஷா எழுதின கடிதம் ஒன்று கிடந்தது. சின்னப்பிள்ளை எழுதினதுதானே, நான் வாசிக்கவில்லை. இத்தோடு உன்னிடமே திருப்பி அனுப்புகிறேன். இனிமேல் சாறிக்குள் ஒன்றும் வைக்கவேண்டாம் என்று சொல்லு. சம்பந்தி வீட்டார் கையில் அகப்பட்டிருந்தால் என்ன நினைப்பார்கள்.

அண்ணையைப் பார்க்க வருவதாக இருந்தேன். முழங்கால் விடுகிறதாக இல்லை. கலியாணம் முடியட்டும், வருகிறேன். அவர் பொறுமையான மனுசர்.

பிள்ளை பந்தம், விளக்கு என்று கண்டதையும் யோசித்துக் குழம்பாமல் பார்த்துக்கொள். பதிகத்தை நிதானமாகப் பாடட்டும். அந்தத் தேர் அச்சும் மரம் உளுத்துப்போய்த்தான் முறிந்ததென்று ஆசாரி பிறகு சொன்னவராம்.

ஆசிகளுடன்,
அக்கா

---

வெள்ளவத்தை,
28.05.2024

அன்புள்ள அக்காவுக்கு,

உடம்பைக் கவனித்துக்கொள்ளுங்கள், கலியாண வேலை கிடக்கிறது. பிள்ளையின் கடிதத்தை நீங்கள் வாசிக்கவில்லை என்றீர்கள். நல்லது. வாசிக்காத ஆளுக்கு நானும் விளக்கம் எழுதத் தேவையில்லை. அதை அவளிடம் கொடுத்து, "மாமி திருப்பி அனுப்பிப்போட்டா" என்றேன். கடித உறையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அழவில்லை. அதுதான் எனக்குப் பிடிக்கவில்லை.

உபயம் நடந்தது. ஆனால் நினைத்தபடி இல்லை. மேளத்தோடு தட்டுக் கொண்டு போனோம். எல்லோரும் செருப்புக் கழற்றி உள்ளே போக, இவள் வாசலில் நின்றுவிட்டாள்.

"உள்ளுக்கு வா."

"நான் வரேல்லை."

"ஏன் வரேல்லை?"

"அப்பாவுக்குத் தெரியும்."

கோயில் தலைவரின் மனைவி திரும்பி வந்தா. "என்ன பிள்ளை, பாட்டுக்காரி வாசலிலை நிக்கிறாய்?" இவள் வாயைத் திறந்துவிட்டாள். அந்த நொடியில் தாய்தான் அவளின் முகத்தைத் தன் நெஞ்சோடு அழுத்திப் பிடித்துக்கொண்டு, "பிள்ளை இப்பதான், வாற வழியிலை, பெரிசாயிட்டாள். சொல்ல வெக்கப்படுறாள்" என்றாள்.

அக்கா, நான் வாயால் பிழைக்கிறவன். இப்படி ஒரு வார்த்தை எனக்கு வந்திருக்காது. தலைவரின் மனைவி அவளுக்கு நெட்டி முறித்தா. தட்டு உள்ளே வந்துவிட்டபடியால் தோஷமில்லை என்று ஐயர் சொல்லிவிட்டார். தாயும் மகளும் ஓட்டோவில் வீட்டுக்கு, நான் உள்ளே. காளாஞ்சி வாங்கினேன்.

ஆனால் சொன்ன சொல்லுக்கு வேலை செய்யவேண்டுமே. அன்று பின்னேரமே கோயில் பெண்கள் பார்க்க வந்துவிட்டார்கள். அவர்களுக்கு முன்னால் பச்சை முட்டையும் நல்லெண்ணெயும் பருக்க வேண்டியதாய்ப் போயிற்று. சத்தியெடுத்தாள். தாய் இன்னொரு முட்டை உடைத்தாள். ஒரு மாதம் பள்ளிக்கூடம் இல்லை, அறையை விட்டு வெளியே வரவும் ஏலாது.

அடுத்த நாள் கொட்டாஞ்சேனை அலுவல் இருந்தது. தன்னையும் கூட்டிப் போகச் சொல்லி அறைக் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். "பெரிசான பிள்ளை வாசல் தாண்டக்கூடாது" என்று தாய் சொன்னாள்.

"நான் பெரிசாகேல்லை எண்டு உங்களுக்குத் தெரியுமெல்லோ, அம்மா."

"வந்து பாத்திட்டுப் போன சனத்துக்கு நீ பெரிசுதான். போய் இரு."

நானும் போகவில்லை. போனால் கொள்ளி வைக்க மீசை எடுக்கவேண்டும், கடையில் கேட்பார்கள். மலர்ச்சாலைக்காரரே மாதம்பிட்டிச் சுடலைக்குக் கொண்டுபோய் மின்சாரத்தில் காரியத்தை முடித்து, மிஞ்சினதை ஒரு முட்டியில் கொண்டுவந்து தந்தார்கள். கடையில், மேல் தட்டில், கூறைப் பெட்டிகளுக்குப் பின்னால் வைத்திருக்கிறேன். வீட்டில் வைத்தால் அவள் கண்டுவிடுவாள்.

உங்கள் நாள் முடிந்ததும் ஒரு வரி போடுங்கள். அதுவரை, அண்ணை இருந்தபடியே இருக்கிறார்.

ஸ்ரீஸ்கந்தராசா

---

வெள்ளவத்தை,
24.06.2024

பேரன்புள்ள அக்காவுக்கும் அத்தானுக்கும்,

இந்தக் கடிதம் உங்களைத் திடத்தோடு வந்தடைய வேண்டுகிறேன். மாப்பிள்ளை பத்திரமாக விமானம் ஏறிய செய்தியோடு உங்கள் இரண்டு வரி சனிக்கிழமை கிடைத்தது. அதற்குப் பதிலாக இப்படி ஒரு செய்தி எழுத வேண்டியிருக்கிறதே.

எங்கள் அருமை அண்ணை நேற்று அதிகாலை, உறக்கத்திலேயே, இறைவனடி சேர்ந்தார். ஆரவாரம் வேண்டாம் என்ற அன்னாரின் விருப்பப்படி, இறுதிக் கிரியைகளை அன்றைக்கே மாதம்பிட்டியில் எளிமையாக நிறைவேற்றினோம். பத்திரிகை அறிவித்தலை வெட்டி இத்துடன் வைத்திருக்கிறேன். சம்பந்தி வீட்டாருக்கும் காட்டுங்கள். சாம்பலை இன்று காலை முகத்துவாரத்தில் கரைத்தோம். மீசை எடுத்துவிட்டேன். கடையில் எல்லோரும் அழுதார்கள்.

யதுஷா அறிவித்தலை வாசித்துவிட்டு, "ஆர் சொன்னது பெரியப்பா ஆரவாரம் வேண்டாமெண்டு கேட்டவரெண்டு?" என்றாள். இரண்டு அறை கொடுத்தேன். துக்க வீட்டில் அடிக்கக்கூடாதுதான்.

துயருடன்,
ஸ்ரீஸ்கந்தராசா

---

கோண்டாவில்,
26.06.2024

அன்புத் தம்பிக்கு,

ஆண்டவன் உங்கள் எல்லோருக்கும் ஆறுதல் தரட்டும். உன் கடிதம் கண்டு கைகால் பதறிப்போனேன். கடைசியாக ஒருதரம் முகம் பார்க்கவும் நான் கொடுத்து வைக்கவில்லை. சம்பந்தி அம்மா ஓடி வந்து என்னைக் கட்டிப்பிடித்து, "கலியாணம் முடியுமட்டும் உயிரைப் பிடிச்சு வைச்சிருந்தவர், அவர் தெய்வமெல்லோ" என்று அழுதா. நானும் அழுதேன். நீ நம்பாவிட்டாலும், மெய்யாகத்தான் அழுதேன்.

ஆவணி மாதம் யதுஷாவின் சாமத்திய வீட்டுச் சடங்குக்கு நான் வருகிறேன். தண்ணீர் வார்க்க மாமி வேண்டும். மண்டபம் பிடி. பிள்ளையை எனக்கு எழுதச் சொல்லு.

அக்கா

---

வெள்ளவத்தை,
27.10.2024

அன்புள்ள மாமிக்கு,

நானும் அப்பாவும் அம்மாவும் கடவுள் கிருபையால் நலம். நீங்களும் மாமாவும் நலமாயிருக்கப் பிரார்த்திக்கிறேன். உங்கள் முழங்கால் எப்படி இருக்கிறது? நீங்கள் மூன்றுதரம் கேட்டும் நான் எழுதவில்லை என்று அப்பா ஏசினார். மன்னித்துக்கொள்ளுங்கள்.

சாமத்திய வீட்டுப் படங்கள் அல்பத்தில் ஒட்டி வந்துவிட்டன. நீங்கள் பாலும் அறுகம்புல்லும் வைத்து என் தலையில் தண்ணீர் வார்க்கிற படத்தைப் பெரிதாக்கிக் கடையில் மாட்டியிருக்கிறார்கள். அதில் நான் கட்டியிருக்கிற சாறியைக் கேட்டு நிறைய ஆட்கள் வருகிறார்களாம். தண்ணீர் வார்க்கும்போது நீங்கள் குனிந்து, "மாமியோடை கோவமோ?" என்று கேட்டீர்கள். காதுக்குள் தண்ணீர் போனதால் கேட்காத மாதிரி இருந்துவிட்டேன். எனக்குக் கேட்டது. கோபம் இல்லை.

பின் அறையில் இப்போது கடைப் பெட்டிகள் அடுக்கியிருக்கிறது. அப்பா என்னைக் கடைக்கும் கூட்டிப் போகிறார். நேற்று ஒரு அன்ரி சாறி ஒன்றைக் காட்டி, "இது எங்கத்தைப் பட்டு, பிள்ளை?" என்று என்னிடம்தான் கேட்டா. காஞ்சிபுரம் என்றேன். உடனே எடுத்தா. சின்னப்பிள்ளை பொய் சொல்லாது என்று அப்பாவிடம் சொல்லிவிட்டுப் போனா.

உங்களுக்கு ஒன்று சொல்லவேண்டும். போன வியாழக்கிழமை பள்ளிக்கூடத்தில் நான் மெய்யாகவே பெரிசாகிவிட்டேன். அம்மாவிடம் சொல்லவில்லை. சொன்னால் அவ என்ன செய்வா? எல்லாம் ஏற்கெனவே செய்து, சாப்பாடும் போட்டு, படமும் எடுத்தாயிற்று. என் சிநேகிதியிடம் வேண்டியதைக் கேட்டு வாங்கிக்கொண்டேன்.

அடுத்த நாள் வெள்ளிக்கிழமை. அப்பா கோயிலுக்கு வெளிக்கிடச் சொன்னார். வெளிக்கிட்டேன். இந்தமுறை வாசலில் நிற்கவில்லை. மூலஸ்தானத்துக்கு நேரே, முன்னுக்குப் போய் நின்று, மே மாதம் பாடாமல் விட்ட பதிகத்தை முழுதாகப் பாடினேன். ஏதாவது முறியுமா என்று பார்த்துக்கொண்டே பாடினேன். ஐயர் திரும்பி என்னைப் பார்த்துச் சிரித்தார். தலைவரின் மனைவி என் கன்னத்தைத் தடவி, "இப்பிடி ஒரு அடக்கமான பிள்ளை" என்று அம்மாவிடம் சொன்னா. அம்மாவுக்குச் சந்தோஷம்.

வருகிற வெள்ளியும் பாடச் சொல்லியிருக்கிறார்கள். எந்த வெள்ளிக்கிழமை போகலாம், எந்த வெள்ளிக்கிழமை போகக்கூடாது என்று இனி நான் ஒருவரையும் கேட்கமாட்டேன்.

இதை ஏன் உங்களுக்கு எழுதுகிறேன் என்று நினைப்பீர்கள். ஒருவருக்காவது சொல்லவேண்டும் போல் இருந்தது. உங்களுக்குச் சொன்னால், மாமி, ஒருவருக்கும் சொல்லாத மாதிரித்தான்.

மாமாவுக்கும் அனுஷியா அக்காவுக்கும் என் அன்பு.

இப்படிக்கு,
மருமகள் யதுஷா